வண்டிக்கு நேரம் சரியில்லீங்க

எங்கள் ஊரில் மரியாதைக்குக் குறைச்சலே கிடையாது. ஒருவரை வேலையை விட்டு நிறுத்துவதாக இருந்தாலும் வார்த்தைக்கு வார்த்தை 'ங்க' போட்டுத்தான் நிறுத்துவார்கள். என் வீட்டுக்காரரை அப்படித்தான் நிறுத்தினார்கள். "கொஞ்ச நாளைக்கு ஊட்டுல இருங்க, நாங்களே சொல்லி அனுப்பறமுங்க" என்று அவ்வளவு பதமாகச் சொல்லியிருக்கிறார்கள். மனிதர் ஓய்வு கிடைத்ததே என்று வீட்டுக்கு வந்து காலை நீட்டிப் படுத்துவிட்டார். மறுநாள் காலையில் வேறொருவன் இவர் ஓட்டிவந்த முதலாளி காரை எங்கள் தெரு வழியாக ஓட்டிக்கொண்டு போனதைப் பார்த்த பிறகுதான் விஷயம் புரிந்தது.

வீட்டுக்காரர் பெயர் நாச்சிமுத்து. பெயரை வாயால் சொல்லக் கூடாது என்பார்கள். எழுதக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. கிட்டுசாமி முதலாளியின் பனியன் கம்பெனியில் அவர் டிரைவர். நான் அதே கம்பெனியில் பிசிறு வெட்டுகிறவள். தைத்து வரும் பனியன்களில் தொங்கும் நூல் நுனிகளைக் கத்தரியால் நறுக்க வேண்டும், அவ்வளவுதான் வேலை. முதலாளி வீடும் கம்பெனியும் ஒரே காம்பவுண்டு. வீட்டில் தும்மினால் எங்களுக்குக் கேட்கும். நாங்கள் சிரித்தால் வீட்டுக்குக் கேட்கும்.

பாகிஸ்தானோடு சண்டை நடந்த வருஷம் அது. முதலாளியின் மூத்த பெண்ணை மடத்துக்குளத்தில் கொடுத்திருந்தார்கள். அந்தப் பெண்ணுக்குத் தலைப்பிரசவம். வளைகாப்பு முடிந்து அம்மா வீட்டுக்குக் கூட்டிவர வேண்டும். அவ்வளவு தூரம் வயிற்றுப்பிள்ளைக்காரியை ஏற்றிவரப் போகும் வண்டி ஆயிற்றே என்று, என் வீட்டுக்காரர் முதலாளியின் அம்பாசடர் காரை ஒரு தரம் சர்வீஸ் பார்க்கச் சொல்லி சுப்பண்ணன் பட்டறையில் விட்டுவிட்டு வந்தார். முன்பக்கம் லேசாகச் சலசலவென்று ஒரு சத்தம் வருகிறது, அதையும் பாருங்க என்று சொல்லிவிட்டும் வந்திருக்கிறார். பொறுப்பான ஆள். அந்தப் பொறுப்புதான் அவருக்கு வினையாக வந்தது.

சுப்பண்ணன் நல்ல மெக்கானிக். ஆனால் மெக்கானிக்குகளுக்கு ஒரு பழக்கம் உண்டு, எதையும் முழுப் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். இன்ஜினுக்குள் முன்பக்கத்தில் இரண்டு பல்சக்கரத்தைச் சேர்த்து ஒரு செயின் ஓடுகிறதாம். டைமிங் செயின் என்று பெயர். ஒரு சக்கரம் சுற்றுகிற நேரத்துக்குச் சரியாக இன்னொன்று சுற்றினால்தான் வண்டி ஓடும். நாள்பட ஓடினால் அந்தச் செயின் தேய்ந்து தொளதொளத்துவிடும். அறுகிற வரைக்கும் காத்திருக்காமல் மாற்றிவிட வேண்டும். இதை அவர்கள் சுருக்கமாக டைமிங் என்பார்கள். பட்டறைக்குள் அது போதும். சுப்பண்ணன் அதை டெலிபோனில் சொன்னதுதான் வம்பு.

முதலாளி ஆர்டர் பிடிக்கக் கல்கத்தா போயிருந்தார். போனை எடுத்தது அவர் சம்சாரம் சாரதாமணி அம்மா. கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். ஆனால் காலண்டரில் ராகு காலம், எமகண்டம், குளிகை மூன்றையும் பார்க்காமல் அடுப்பில் பால்கூட வைக்க மாட்டார். அன்றைக்குப் போனில் நடந்த பேச்சைப் பிற்பாடு சுப்பண்ணன் பாதியும் அந்த அம்மா பாதியும் சொல்ல, சேர்த்து எழுதுகிறேன்.

"அம்மிணிங்களா? பட்டறையிலிருந்து சுப்பண்ணன் பேசறனுங்க. வண்டி பாத்துட்டனுங்க. மத்ததெல்லாம் நல்லா இருக்குதுங்க. டைமிங்தான் செரியில்லீங்க."

"என்னங்க செரியில்ல?"

"டைமிங்குங்க. வண்டிக்கு டைமிங் செரியில்லீங்க."

டைம் என்றால் என்னவென்று தெரியாதவர்கள் திருப்பூரில் யார் இருக்கிறார்கள்? சாரதாமணி அம்மா குரலைத் தாழ்த்திக் கேட்டிருக்கிறார். "நேரமுங்களா?"

சுப்பண்ணன், பெரிய வீட்டு அம்மா அழகாகத் தமிழில் சொல்கிறார் என்று நினைத்துக்கொண்டார். "ஆமாங்க, நேரந்தானுங்க. கொஞ்சம் தள்ளிப் போயிருக்குதுங்க."

"வயித்துப்புள்ளக்காரியக் கூட்டிட்டு வரோணுமுங்களே."

"அதுக்குத்தானுங்க சொல்றேன். இப்ப ஓடுதுங்க, ஓடலீன்னு சொல்லலீங்க. ஆனா என்னிக்குக் கைய விரிக்கும்னு யாரும் சொல்ல முடியாதுங்க. நடு ரோட்டுல உட்டுப்போடும். முன்கூட்டியே மாத்திட்டாப் பயமில்லீங்க."

"மாத்திட்டாப் போதுமுங்களா?"

"போதுமுங்க. அப்பறம் வருசக்கணக்குல திரும்பிப் பாக்க வேண்டியதில்லீங்க. நானே மாத்தட்டுங்களா?"

"உங்களுக்கெதுக்குங்க சிரமம்? நாங்க பாத்துக்கறமுங்க."

ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை, இரண்டு பேரில் யாராவது கூடுதலாகக் கேட்டிருந்தால் தீர்ந்திருக்கும். எதை மாற்றுவது என்று அந்த அம்மா கேட்கவில்லை. எங்கே கொண்டுபோய் மாற்றுவீர்கள் என்று சுப்பண்ணன் கேட்கவில்லை. மறுபடி கேட்பது மரியாதையில்லை அல்லவா. கோயமுத்தூரில் பெரிய பட்டறைக்குக் கொண்டுபோகிறார்கள் போலிருக்கிறது, நம்மை நம்பவில்லை என்று சுப்பண்ணனுக்கு உள்ளுக்குள் வருத்தம். அந்த வருத்தத்தில் என் வீட்டுக்காரரையும் சேர்த்துக் கோபித்துக்கொண்டு எங்கள் தெருப் பக்கமே வராமல் இருந்துவிட்டார்.

சாரதாமணி அம்மா போனை வைத்த கையோடு ஜோசியரிடம் போனார். வண்டிக்கு ஏது ஜாதகம்? ஜோசியர் யோசித்துவிட்டு, ஓட்டுகிறவர் யார் என்று கேட்டிருக்கிறார். ஓட்டுகிறவருக்கும் ஜாதகம் கிடையாது. எங்கள் மாமியார் வெய்யிலில் கடலைக்காய் பிடுங்கிக்கொண்டிருந்தபோது பிறந்த பிள்ளை. யார் நேரம் குறித்தார்கள்? சரி, பெயர் என்ன என்றார் ஜோசியர். நாச்சிமுத்து. 'நா' என்றால் அனுஷ நட்சத்திரம், விருச்சிக ராசி. விருச்சிகத்துக்கு நாலாம் இடத்தில் இப்போது சனி உட்கார்ந்திருக்கிறார். நாலாம் இடம்தான் வாகன ஸ்தானம்.

முடிந்தது கதை. மெக்கானிக்கும் ஜோசியரும் ஒன்றையே சொல்கிறார்கள் என்றால் யாருக்குத்தான் நம்பிக்கை வராது? மாற்ற வேண்டியது யாரை என்றும் தெரிந்துவிட்டது. வண்டியைப் பட்டறையிலிருந்து எடுத்துவரக்கூட என் வீட்டுக்காரரை அனுப்பவில்லை. சாரதாமணி அம்மாவின் தம்பிக்குத் தெரிந்த வேலுமணி என்கிற பையனைப் புது டிரைவராகப் போட்டார்கள். மகளைக் கூட்டிவருவதை மட்டும், புது ஆளுக்குக் கை பழகட்டும் என்று தள்ளிவைத்தார்கள். முதலாளி கல்கத்தாவிலிருந்து வந்து விஷயத்தைக் கேட்டார். அவருக்கு ஜோசியத்தில் பாதி நம்பிக்கை. பெண் பிரசவ சமயத்தில் வீட்டில் சண்டை வேண்டாம் என்பது மீதி. பேசாமல் இருந்துவிட்டார்.

இதெல்லாம் எங்களுக்குத் தெரியாது. காரணம் எனக்குத் தெரியவந்தது பக்கத்தில் பிசிறு வெட்டும் செல்லாத்தாள் மூலமாக. அவள் முதலாளி வீட்டில் பாத்திரமும் தேய்ப்பவள்.

"ஏனுங்க நல்லம்மா, உங்க ஊட்டுக்காரருக்கு நாலாமிடத்துல சனியாமா?" என்றாள்.

கத்தரியைக் கீழே வைத்துவிட்டு, யார் சொன்னது என்று கேட்டேன். அவள் எல்லாம் சொன்னாள். போன் வந்தது மட்டும் அவளுக்குத் தெரியாது. அதனால் எனக்கும் தெரியவில்லை.

வேலை போனது பெரிதில்லை. டிரைவர் வேலை இந்தக் கம்பெனியில் இல்லாவிட்டால் அந்தக் கம்பெனியில். ஆனால் நேரம் சரியில்லாதவன் என்று ஒரு டிரைவருக்குப் பெயர் வந்துவிட்டால் அப்புறம் அவனிடம் யார் சாவியைக் கொடுப்பார்கள்? சமையல்காரனுக்கு நேரம் சரியில்லை என்றால் உப்புக் கூடும், குறையும். டிரைவருக்கு என்றால் பெண்டாட்டி பிள்ளையை ஏற்றி அனுப்ப எவருக்கும் மனம் வராது. இங்கே முதலாளிமார் எல்லோரும் ஒருவருக்கொருவர் மாமன் மச்சான். ஒரு வீட்டில் சொன்னது பொழுதோடு பத்து வீட்டுக்குப் போய்விடும். என் வீட்டுக்காரர் இரண்டு மூன்று இடத்தில் கேட்டார். எல்லாரும் உட்கார வைத்து, காப்பி கொடுத்து, "ஆளு வேணும்னா சொல்லி அனுப்பறமுங்க" என்றார்கள். ஒருத்தர்கூடக் காரணம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

நான் சண்டைக்காரி. என்னால் சும்மா இருக்க முடியவில்லை. வீட்டில் இவரிடம்தான் போட்டேன்.

"இந்தத் தெருவுல மட்டும் மூணு நாச்சிமுத்து இருக்கறாங்க. அரிசி மில் நாச்சிமுத்துக்குப் போன வாரந்தான் ஆம்பளப்புள்ள பொறந்துது. அவருக்கும் அதே எழுத்துத்தானுங்களே. சனி நம்ம ஊட்டுக்கு மட்டும் வழி கேட்டுட்டு வந்தாராமா?"

அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு திண்ணைக்குப் போய்விட்டார். கோபம் போலிருக்கிறது என்றுதான் நினைத்தேன். கோபமாக இருந்திருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

ஒரு நாள் சாயங்காலம் வேலை விட்டு வருகிறேன், இவர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வருகிறார். எங்கள் பெண் பழனாத்தாள் பக்கத்தில் நடந்து வருகிறாள். பள்ளிக்கூடத்திலிருந்து தினம் அவளைக் கேரியரில் வைத்து அழைத்து வருபவர். அப்பன் என்னை இறக்கிவிட்டுட்டாங்க என்று பெண் சிணுங்கினாள். டயர் பஞ்சரா என்று கேட்டேன். இல்லை என்றார். அப்புறம் ஏன் என்றேன். வீட்டுக்குள் வந்து தண்ணீர் குடித்துவிட்டுச் சொன்னார்.

"பயமா இருக்குது நல்லம்மா."

"எதுக்குங்க பயம்?"

"இத்தன வருசத்துல ஒரு கோழிக்குஞ்சு மேல வண்டி ஏத்துனதில்ல. மூலனூர் ரோட்டுல மாடு குறுக்க வந்தப்பக்கூட ஒரு கீறல் இல்லாம நிறுத்துனேன். அதெல்லாம் என் கைன்னு நெனச்சுட்டு இருந்தேன். கையில்ல, நேரம்னு சொல்றாங்க. நேரம் நல்லா இருந்ததால தப்பிச்சேன், அவ்வளவுதான்னா, இனி இந்தக் கைய வெச்சு நான் என்ன பண்றது?"

அவர் கையைப் பார்த்தேன். ஸ்டியரிங் பிடித்துக் காய்த்துப் போன கை. எனக்கு அழுகை வந்துவிட்டது. வேலையைப் பறித்ததை நான் மன்னித்துவிடுவேன். ஒரு மனிதன் தன் கையைப் பார்த்துத் தானே பயப்படும்படி செய்தார்களே, அதை எப்படி மன்னிப்பது?

இதற்கிடையில் வண்டி தினம் ஓடிக்கொண்டுதான் இருந்தது. முன்பக்கத்துச் சலசலப்பு கலகலப்பாகி, கம்பெனி கேட்டுக்குள் நுழையும்போதே எங்களுக்குக் கேட்கும். வேலுமணி பாட்டுப் பிரியன். வண்டியும் கூடவே பாடுகிறது என்று விட்டுவிட்டான்.

ஐப்பசி பிறந்து இரண்டொரு நாள் இருக்கும். முதலாளி காங்கேயம் போய்விட்டுத் திரும்பும்போது படியூர் தாண்டி நடு ரோட்டில் வண்டி சட்டென்று நின்றுவிட்டது. ஸ்டார்ட் பண்ணிப் பார்த்தால் உள்ளே என்னவோ உடைந்த ஓடுகளைச் சாக்கில் போட்டுக் குலுக்குகிற மாதிரி சத்தம். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. பக்கத்துத் தோட்டத்துக்காரர் உழுதுகொண்டிருந்த இரண்டு காங்கேயம் காளைகளை அவிழ்த்து வந்து வண்டியின் முன்னால் கட்டினார். காளைகள் இழுக்க, முதலாளி உள்ளே உட்கார்ந்திருக்க, அம்பாசடர் ஊருக்குள் ஊர்வலம் வந்தது. கம்பெனியே வேலையை விட்டு வெளியே வந்து பார்த்தது. நானும் பார்த்தேன். சந்தோஷமாக இருந்தது என்று சொன்னால் தப்பா?

சாரதாமணி அம்மா வாசலில் நின்று வாய்விட்டுச் சொன்னார். "கெரகம் இன்னும் உடலயே முருகா. ஆள மாத்தியும் உடலயே."

சுப்பண்ணனை ஆள் அனுப்பிக் கூப்பிட்டார்கள். அவர் முதலில் வரமாட்டேன் என்று முறுக்கிக்கொண்டு, பிறகு வந்தார். காம்பவுண்டிலேயே வண்டியை நிறுத்தி ரேடியேட்டரைக் கழற்றி, முன்னால் இருந்த மூடியைப் பிரித்தார். அறுந்த செயின் எண்ணெய் வழிய வெளியே வந்தது. அதை ஒரு காகிதத்தில் வைத்து முதலாளி முன்னால் காட்டினார். நாங்கள் கூப்பிடு தூரத்தில் பிசிறு வெட்டிக்கொண்டிருந்தோம்.

"நாந்தான் அன்னிக்கே போன் பண்ணிச் சொன்னனுங்களே. மாத்தியிருந்தா இந்தக் கஷ்டம் வந்திருக்காதுங்க. உள்ள கம்பியெல்லாம் வளஞ்சு போச்சுங்க."

"யாருகிட்டச் சொன்னீங்க?" என்றார் முதலாளி.

"அம்மிணிகிட்டத்தானுங்க. வண்டிக்கு டைமிங் செரியில்ல, மாத்தோணும்னு."

வாசற்படியில் நின்ற சாரதாமணி அம்மாவுக்கு ரோஷம் வந்துவிட்டது. "அதான் மாத்திட்டமுங்களே."

"மாத்தலீங்களே அம்மிணி. இது பழைய செயினுங்க. எங்கீங்க மாத்துனீங்க?"

"டிரைவர மாத்திட்டமுங்களே," என்றார் அந்த அம்மா.

சுப்பண்ணன் கையிலிருந்த செயினைப் பார்த்தார், அந்த அம்மாவைப் பார்த்தார், அப்புறம் என்னைப் பார்த்தார். முதலாளி தலையைக் குனிந்துகொண்டார். என் பக்கத்தில் செல்லாத்தாளுக்குச் சிரிப்பு வந்து, என் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டாள். எனக்குச் சிரிப்பும் வரவில்லை, அழுகையும் வரவில்லை. இவ்வளவுதானா, இதற்காகத்தானா என்று மட்டும் இருந்தது.

சுப்பண்ணனையும் நான் விடவில்லை. அவர் கை கழுவப் போனபோது குழாயடியில் பிடித்துக்கொண்டேன். "செயின்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா உங்க வாயி தேஞ்சா போயிருக்குமுங்க?" என்றேன். பாவம், மனிதர் முகம் செத்துப் போய்விட்டது. நல்லா ஓடுகிறபோதே மாற்றுவதுதான் சர்வீஸ், அதைத்தான் சொன்னேன் என்று ஏதோ முணுமுணுத்தார். இரும்புக்கு அது சரிதான். ஓடி ஓடித் தேய்வது அதன் குணம், தேயும் முன்னே மாற்றினால் நல்லது. நன்றாக ஓட்டுகிற மனிதனை எதற்கு மாற்றினார்கள்? அவர் ஓட்ட ஓட்டத் தேறியவர் அல்லவா?

அன்று சாயங்காலமே கணக்குப்பிள்ளை எங்கள் வீட்டுக்கு வந்தார். "மொதலாளி நாளையிலிருந்து வரச் சொன்னாருங்க" என்றார். நடந்தது தப்பு என்று ஒரு சொல் கிடையாது. எனக்கு அது ஒரு பக்கம் எரிந்தாலும், போகட்டும், ஆள் தலை நிமிர்ந்தால் சரி என்று இவரைப் பார்த்தேன்.

"நான் வரலீங்க," என்றார் இவர்.

கணக்குப்பிள்ளை போன பிறகு கேட்டேன். "போன்ல தப்பாக் கேட்டுட்டாங்க. அதான் ஊருக்கே தெரிஞ்சு போச்சே. இன்னும் என்னங்க?"

"போன் தப்புத்தான். ஜோசியரு போன் கேட்டாச் சொன்னாரு? சனி நாலுல இருக்கறது இருக்கறதுதான?" என்றார். பிறகு, "அந்தப் புள்ளையக் கூட்டிட்டு வரப்ப எனக்குக் கை நடுங்குச்சுன்னா?" என்றார்.

யார் போட்ட முடிச்சோ அவர்தான் அவிழ்க்க வேண்டும் என்று தோன்றியது. மறுநாள் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் நேராகச் சாரதாமணி அம்மாவிடம் போனேன். அடுக்களைக் கதவோரம் நின்று, எல்லாவற்றையும் சொன்னேன். சைக்கிளிலிருந்து பெண்ணை இறக்கிவிட்டதைச் சொன்னேன். கையைப் பற்றி அவர் சொன்னதையும் சொன்னேன். நானும் எங்கள் ஊர்க்காரிதானே, ஒரு 'ங்க' விடாமல்தான் சொன்னேன். ஆனால் ஒன்றையும் மிச்சம் வைக்கவில்லை.

"வேலைக்குக் கூப்பிட்டதுக்குச் சந்தோசமுங்க. ஆனா அவரு கை செரியான கையின்னு நீங்கதானுங்க சொல்லோணும். நீங்கதானுங்க இல்லீன்னு சொன்னது."

அந்த அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டு நின்றார். "நான் என்னங்க பண்ணட்டும் நல்லம்மா? புள்ள உசுரு. பயந்து போயிட்டேன்," என்றார். பயந்தது பொய்யில்லை. முகத்தில் தெரிந்தது. எனக்கும் பெண் இருக்கிறது. ஆனாலும் நான் இறங்கி வரவில்லை. "அது எனக்குத் தெரியாதுங்க" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். வேலை போய்விடும் என்றுதான் நினைத்தேன். போகவில்லை.

சுப்பண்ணன் புதுச் செயின் போட்டு, சக்கரத்திலிருக்கும் அடையாளங்கள் இரண்டையும் நேருக்கு நேர் வைத்துப் பார்த்துப் பார்த்துப் பூட்டி, வண்டியை ஓட்டிக் காட்டினார். சத்தமே இல்லை. இந்தத் தடவை முதலாளியிடமும் சாரதாமணி அம்மாவிடமும் தனித்தனியாக, டைமிங் செயின் மாற்றியாயிற்று என்று முழுப் பெயரும் சொல்லிவிட்டுப் போனார். வேலுமணியை ஒரு லாரி கம்பெனியில் சேர்த்துவிட்டார்கள்.

வெள்ளிக்கிழமை. காலை டீ குடித்துவிட்டு மறுபடி கத்தரியைக் கையில் எடுத்திருந்தோம். சாரதாமணி அம்மா பட்டுச் சேலை கட்டி, தலையில் பூ வைத்து, கூடையில் பழத்தோடு எங்கள் பக்கம் வந்தார். "நல்லம்மா, வாங்க. வண்டியில ஏறுங்க," என்றார். எதற்கு என்று கேட்கவில்லை. முதலாளியே ஸ்டியரிங்கில் இருந்தார். அவருக்கு ஓட்டத் தெரியும் என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. நன்றாகத் தெரியாது என்பதும் தெருமுனை வருவதற்குள் தெரிந்துவிட்டது. வண்டி எங்கள் வீட்டு முன்னால் ஒரு குலுக்கலோடு நின்றது.

என் வீட்டுக்காரர் துண்டோடு வெளியே வந்து கும்பிட்டார். முதலாளி இறங்கிச் சாவியை நீட்டினார். அவர் வாங்கவில்லை. சாரதாமணி அம்மாவும் இறங்கினார்.

"மடத்துக்குளம் போயிப் புள்ளையக் கூட்டிட்டு வரோணுமுங்க. நீங்க ஓட்டுனா நான் வாறேன். இல்லீன்னா நானும் போகலீங்க, அவளையும் கூட்டிட்டு வரலீங்க."

இவர் வானத்தைப் பார்த்தார். வெய்யில் நன்றாக ஏறியிருந்தது.

"அம்மிணி, இன்னிக்கு வெள்ளிக்கிழமைங்க. இப்ப ராகு காலமுங்க."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. காலண்டர் பார்க்காமல் வாசல் தாண்டாதவர், பத்தரைக்கும் பன்னிரண்டுக்கும் நடுவில், அதுவும் பெண்ணை அழைக்கப் புறப்பட்டிருக்கிறார். மறந்துவிட்டாரோ என்று ஒரு கணம் நினைத்தேன்.

"தெரியுமுங்க," என்றார் அந்த அம்மா.

"புள்ளத்தாச்சி விசயமுங்க. பன்னெண்டு தாண்டட்டுமுங்க. நானே வாறேன்."

"வேண்டாமுங்க. தெரிஞ்சுதானுங்க வந்தேன். நேரத்தப் பாத்து உங்கள நிறுத்துனவ நானு. இப்ப அதப் பாக்கலீங்க. உங்க கைய நம்பித்தான் வாறேன்."

வண்டிக் கதவை இறுகப் பிடித்த கையை அந்த அம்மா விடவேயில்லை. அவ்வளவு பயம். அந்தப் பயத்தோடுதான் வந்து நிற்கிறார். இத்தனை நாள் அந்த அம்மா மேல் எனக்கிருந்த கோபம் அந்த இடத்திலேயே விட்டுப்போனது. அவரைக் கட்டிப் பிடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. முதலாளியம்மாவை யார் கட்டிப் பிடிப்பார்கள்? கூடையை வாங்கி வண்டிக்குள் வைத்தேன்.

என் வீட்டுக்காரர் உள்ளே போய்க் கால் கழுவி, சட்டை மாட்டிக்கொண்டு வந்தார். முதலாளி கையிலிருந்து சாவியை வாங்கினார். கண்ணாடியைத் தன் உயரத்துக்குத் திருப்பினார். நானும் முதலாளியும் வாசலில் நிற்க, வண்டி ஒரு குலுக்கலும் இல்லாமல் நகர்ந்தது.

பின் சீட்டில் சாரதாமணி அம்மா கண்ணை இறுக மூடிக்கொண்டு முருகனைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். என் வீட்டுக்காரர் ரோட்டைப் பார்த்து ஓட்டினார்.